யானைப் பாதையில் நின்ற நடிகை



சென்ற தவணையில் உயர்தர வகுப்பு மாணவர் சிலருக்கு ‘எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்’ என்னும் பழைய ஆங்கிலப் படத்தைப் போட்டுக் காட்டினேன். தமிழ் ஆசிரியனுக்கு இது என்ன வேலை என்று நீங்கள் கேட்கலாம். நாடகமும் அரங்கியலும் கற்கும் பிள்ளைகள் மெய்ப்பாடு என்பதைச் சூத்திரமாக மனனம் செய்வதோடு நின்றுவிடாமல், அச்சமும் இளிவரலும் ஒரே முகத்தில் எப்படி மாறி மாறி வந்து போகின்றன என்பதைக் கண்ணால் காணட்டும் என்றுதான் காட்டினேன். படம் முடிந்ததும் கடைசி வாங்கில் இருந்த மாணவன் ஒருவன், “அந்த அம்மாவுக்கு உண்மையிலேயே விசராம், சேர். அதுதான் அப்பிடி நடிச்சிருக்கிறா” என்றான். எங்கோ வாசித்திருக்கிறான். அவனுக்கு அன்று நான் சொன்ன மறுமொழி அரைகுறையானது. மீதியை இன்று சொல்லப் பார்க்கிறேன்.

அந்த நடிகை விவியன் லீ. பிறந்தது 1913 நவம்பர் 5ஆம் நாள், டார்ஜிலிங்கில். இயற்பெயர் விவியன் மேரி ஹார்ட்லி. தந்தை கல்கத்தாவில் தரகுத் தொழில் செய்த ஆங்கிலேயர். தாயாரின் பொழுதுபோக்கு நாடகக் குழுவின் மேடையில் மூன்று வயதிலேயே குழந்தைப் பாட்டொன்றை ஒப்புவித்தார் என்பர். ஆறு வயதில் இங்கிலாந்தின் ரோஹாம்ப்டனில் உள்ள கன்னியர் மடப் பாடசாலையில் விடப்பட்டார். தாய் தந்தையர் கடல் கடந்த நாட்டில். பிள்ளை குளிர்காலத்து மடத்தில். அக்கால ஆங்கிலக் குடியேற்றக் குடும்பங்களில் இது வழமை. வழமை என்பதால் வலிக்காது என்று எண்ண வேண்டியதில்லை. நடிகையாவேன் என்று அங்கேயே தோழியரிடம் சொல்லித் திரிந்தவர், பின்னர் லண்டன் அரச நாடகக் கலைக்கழகத்திற் சேர்ந்தார். 1932இல் ஹேர்பேர்ட் லீ ஹோல்மன் என்ற சட்டத்தரணியை மணந்தார். மறுவருடம் ஒரு மகள். கணவரின் நடுப்பெயரையே பின்னர் தம் மேடைப் பெயராக்கிக் கொண்டார்.

1935இல் ‘த மாஸ்க் ஒஃப் வேர்ச்சு’ என்ற நாடகம் அவரை ஒரே இரவிற் புகழின் உச்சியில் ஏற்றியது. தயாரிப்பாளர் அலெக்சாண்டர் கோர்டா உடனே ஒப்பந்தம் செய்துகொண்டார். ஆனால் நாடகம் பெரிய அரங்கான சென்ற் ஜேம்ஸஸுக்கு மாற்றப்பட்டபோது இவருடைய மெல்லிய குரல் பின்வரிசையை எட்டவில்லை. நாடகம் விரைவில் நின்று போனது. அழகு இருந்தது, குரல் இல்லை. இந்தக் குறையை நினைவில் வைத்திருங்கள், நேயர்களே. பின்னால் வரும் கதை பெரும்பாலும் இதை அவர் வென்ற கதைதான்.

‘ஃபயர் ஓவர் இங்லண்ட்’ (1937) படத்தில் லோரன்ஸ் ஒலிவியரோடு நடித்தார். இருவருமே மணமானவர்கள். இருவரும் காதலித்தனர். அதே ஆண்டு டென்மார்க்கின் எல்சினோரில், ஹம்லட்டாக ஒலிவியரும் ஒஃபீலியாவாக விவியனும் நடித்தனர். கோட்டை முற்றத்தில் ஆட வேண்டிய முதல் நாள் ஆட்டம் மழையினால் ஒரு விடுதியின் நடன மண்டபத்துக்கு மாறியது. இருவரின் மணமுறிவுகளும் முடிந்து அவர்கள் மணம் செய்துகொண்டது 1940 ஓகஸ்டில்.

அதற்குள் உலகமே அறிந்த படம் வந்துவிட்டது. மார்கரெட் மிச்சல் 1936இல் வெளியிட்ட ‘கோன் வித் த விண்ட்’ நாவலின் நாயகி ஸ்கார்லெட்டுக்காக அமெரிக்கா முழுவதும் பெண் தேடினர். 1938 டிசம்பரில் அட்லாண்டா நகர் எரியும் காட்சிக்காகப் பழைய அரங்குகளைக் கொளுத்திப் படம்பிடித்த இரவில்தான், தயாரிப்பாளர் செல்ஸ்னிக்கிடம் விவியன் அறிமுகம் செய்யப்பட்டார். அமெரிக்கத் தென்னாட்டுப் பெண்ணாக ஓர் ஆங்கிலேயப் பெண்ணா என்று முணுமுணுத்தவர்கள் இருந்தனர். சுமார் 125 நாட்கள் உழைத்த அவருக்குக் கிடைத்தது ஏறத்தாழ 25,000 டொலர். 71 நாட்கள் வந்த கிளார்க் கேபிளுக்கு 120,000 டொலருக்கும் மேல். இயக்குநர் ஜோர்ஜ் கியூக்கர் நடுவில் நீக்கப்பட்டதும், விவியனும் உடன் நடித்த ஒலிவியா டி ஹவிலண்டும் ஒருவருக்கொருவர் தெரியாமல் அவர் வீட்டுக்குப் போய் நடிப்புக்கு ஆலோசனை கேட்டு வந்தனர். சிறந்த நடிகைக்கான ஒஸ்கார் பரிசு கிடைத்தது. அடிமை முறையை இனிய பழங்காலமாக நினைந்து உருகும் அந்தப் படத்தை இன்று உறுத்தலின்றிப் பார்க்க முடியாது. அதில் நடித்து ஒஸ்கார் பெற்ற முதல் கறுப்பினக் கலைஞரான ஹற்றி மக்டானியலால் அட்லாண்டாவில் நடந்த முதற்காட்சிக்கே போக முடியவில்லை. ஆயினும் ஸ்கார்லெட்டின் பிடிவாதம், கள்ளம், பசி, பெருமிதம் அத்தனையும் விவியனின் ஒரு புருவத்தில் ஏறி இறங்கும். அதை மறுக்க மனம் வரவில்லை.

போர்க்காலத்தில் ‘வாட்டர்லூ பிரிட்ஜ்’ (1940), ‘தற் ஹமில்டன் வுமன்’ (1941) ஆகியன வந்தன. இரண்டாவது, பிரதமர் சேர்ச்சிலுக்கு மிகப் பிடித்த படம். 1944இல் பேர்னாட் ஷோவின் ‘சீசர் அண்ட் கிளியோபாட்ரா’ படப்பிடிப்பின்போது விழுந்து கருச்சிதைவுற்றார். உடலும் மனமும் ஒன்றாகச் சரியத் தொடங்கியது அந்த நாட்களில்தான். விரைவில் காசநோயும் கண்டறியப்பட்டது. மனநிலை திடீரென உச்சிக்கு ஏறுவதும், பிறகு இருள்வதும், தெளிந்தபின் நடந்தது நினைவில் இல்லாமல் நாணி மன்னிப்புக் கேட்பதுமாக வந்த நோயை இன்று இருமுனை மனநிலைக் கோளாறு என்கிறோம்.

இனி மாணவனின் கூற்றுக்கு வருகிறேன். டென்னசி வில்லியம்ஸின் ‘ஸ்ட்ரீட்கார்’ நாடகம் 1947இல் நியூயோர்க்கில் அரங்கேறியது. குடும்பச் சொத்தை இழந்து, பெயரை இழந்து, தங்கையின் நெருக்கமான வீட்டில் ஒதுங்கி, பொய்களால் தன்னைப் போர்த்திக்கொள்ளும் பிளான்ச் என்ற பெண்ணின் கதை. முடிவில் மருத்துவர் வந்து அவளை அழைத்துச் செல்கிறார். ஆசிரியரின் சொந்தத் தமக்கை ரோஸுக்கு 1943இல் மூளையில் அறுவைச் சிகிச்சை செய்து, அவரை மீளாத ஊனத்துக்கு உள்ளாக்கியிருந்தார்கள். ஆகவே அந்த இறுதிக் காட்சி வெறுங் கற்பனையன்று.

விவியன் 1949இல் லண்டன் ஓல்ட்விச் அரங்கில், கணவரின் இயக்கத்தில், பிளான்சாக நடித்தார். மொத்தம் 326 ஆட்டங்கள். எண்ணிப் பாருங்கள். 326 இரவுகள் ஒரே இடத்தில் உடைந்து, திரை விழுந்ததும் எழுந்து, மறுநாள் அதே நிமிடத்தில் அதே இடத்தில் மறுபடியும் உடைய வேண்டும். ‘விசர்’ வந்தவர் செய்கிற வேலையா இது? நோய் மனிதனை நேரந் தவறச் செய்யும்; விவியனோ மணிக்கூட்டோடு ஒத்து நின்றார். சின்ன வயதில் பின்வரிசையை எட்டாத அந்தக் குரலைப் பல ஆண்டு பயிற்சியால் தாழ்த்திக் கனமாக்கியிருந்தார்.

1951இல் படமானபோது அமெரிக்க மேடையில் நடித்த மார்லன் பிராண்டோ முதலியோர் அப்படியே இருக்க, இவர் மட்டும் புதியவராக உள்ளே வந்தார். இயக்குநர் எலியா கசானுக்கு முதலில் திருப்தியில்லை. லண்டனில் இப்படித்தான் செய்தோம் என்று இவர் சொல்லச் சொல்ல அவருக்கு எரிச்சல். இறுதியில் அதே கசான்தான், நடிப்பு மேம்படுமென்றால் உடைந்த கண்ணாடித் துண்டுகள் மேலும் இந்தப் பெண் தவழ்ந்து போவார் என்ற கருத்தில் வியந்து சொன்னார். இரண்டாவது ஒஸ்கார் வந்தது. பிளான்ச் பாத்திரம் தம்மைப் பித்தின் விளிம்புக்குத் தள்ளியது என்று விவியன் பின்னாளில் சொன்னதாகவும் உண்டு. அப்படியானால் பாத்திரம்தான் நடிகையைத் தாக்கியது. நோய் நடிப்பைத் தரவில்லை. மாணவன் தலைகீழாக வாசித்திருந்தான்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். 1953இன் முற்பகுதியில் ‘எலிபன்ட் வோக்’ படத்துக்காக விவியன் இலங்கை வந்தார். றொபேர்ட் ஸ்டாண்டிஷின் நாவல். இயக்குநர் வில்லியம் டீற்றர்லே. கணவன் வேடத்தில் பீற்றர் ஃபின்ச். தேயிலைத் தோட்டத்துத் துரையை மணந்து வரும் ஆங்கிலப் பெண், இறந்துபோன மாமனாரின் நிழல் படிந்த பங்களாவிற் சிக்கித் தவிப்பாள். அந்தக் கிழவர் வேண்டுமென்றே யானைகளின் வழித்தடத்தை மறித்துப் பங்களாவைக் கட்டியவர். முடிவில் கொள்ளைநோய் பரவ, யானைகள் வந்து பங்களாவை நொறுக்குகின்றன. கதை முழுவதும் பங்களா விறாந்தையில் நின்றுதான் மலையைப் பார்க்கிறது. கொழுந்து பறிக்கும் கைகள் காட்சிக்கு அலங்காரம். 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் குடியுரிமை இழந்து நின்ற மக்கள் இவர்கள் என்பது படத்துக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளும் விருப்பமும் இல்லை.

இங்கேதான் விவியனின் நோய் முற்றியது. உறக்கம் போனது, ஃபின்ச்சைத் தம் கணவரின் பெயரால் அழைத்தபடி பின்தொடர்ந்தார் என்று வரலாறு எழுதியோர் குறிக்கின்றனர். ஹொலிவூட் திரும்பிச் சில நாட்களில் நடிக்க முடியாத நிலை. எலிசபெத் டெய்லரை அமர்த்தினார்கள். இலங்கையில் எடுத்த தொலைக்காட்சிகளை மட்டும் எறியாமல் வைத்துக்கொண்டனர். 1954இல் வெளிவந்த அந்தப் படத்தில், முகம் தெரியாத தூரத்தில் நடந்து போகும் பெண் சில இடங்களில் விவியன்தான்.

மயக்க மருந்து கொடுத்து அவரை இங்கிலாந்துக்குக் கொண்டுபோயினர். அக்காலத்துச் சிகிச்சை பெரும்பாலும் மின் அதிர்ச்சி. இந்த இடத்தில் என் மனத்தை உறுத்தும் ஒரு செய்தி. 1948இல் ஒலிவியர் தம்பதியர் ஓல்ட் விக் குழுவோடு அவுஸ்திரேலியாவிற் சுற்றியபோது மெல்போர்னிலும் நாடகமாடினர். அதே ஆண்டு அந்நகரின் புறத்தே ஜோன் கேட் என்ற மருத்துவர் லித்தியம் உப்பை இத்தகைய நோயாளருக்குக் கொடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். 1949இல் முடிவை வெளியிட்டார். இன்றும் இந்நோய்க்கு முதன்மையான மருந்துகளுள் அது ஒன்று. அமெரிக்காவில் அதற்கு அனுமதி கிடைத்தது 1970இல். விவியன் இறந்து மூன்றாண்டுகளின் பின்.

பிறகும் அவர் ஓயவில்லை. 1955இல் ஸ்ட்ராற்ஃபோர்ட்டில் ஒரே பருவத்தில் மக்பெத் சீமாட்டி உட்பட மூன்று சேக்ஸ்பியர் நாடகங்கள். ஒலிவியர் திட்டமிட்ட ‘மக்பெத்’ படம் பணமின்மையாற் கைவிடப்பட்டது. நமக்கெல்லாம் அது நட்டம். 1957இல், தம் குரலை விழுங்கிய அதே சென்ற் ஜேம்ஸஸ் அரங்கை இடிக்கப் போகிறார்கள் என்றறிந்து, பிரபுக்கள் சபையின் பார்வையாளர் பகுதியில் எழுந்து நின்று குரல் கொடுத்தார். காவல் அதிகாரி வெளியே அழைத்துப் போனார். அரங்கு இடிபட்டது. எனினும் அன்று குரல் கேட்டது.

1960இல் மணமுறிவு. 1963இல் ‘தொவாரிச்’ என்ற இசை நாடகத்துக்காக ரோனி விருது. கடைசிப் படம் ‘ஷிப் ஒஃப் ஃபூல்ஸ்’ (1965). எட்வேர்ட் அல்பீயின் ‘எ டெலிகேற் பலன்ஸ்’ நாடகத்துக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்த வேளையில் காசநோய் திரும்பவும் வந்தது. 1967 ஜூலை 8இல் லண்டனில் காலமானார், வயது 53. அன்றிரவு லண்டன் நாடக அரங்குகளின் வெளிவிளக்குகளை ஒரு மணி நேரம் அணைத்து வைத்தார்கள்.

பார்க்க விரும்பும் நேயர்கள் ‘ஸ்ட்ரீட்கார்’ படத்தில் தொடங்கலாம். தணிக்கையிற் போன சில நிமிடங்களைச் சேர்த்த பிரதி 1993இல் வெளிவந்தது, அதைத் தேடுங்கள். அடுத்து ‘வாட்டர்லூ பிரிட்ஜ்’. ‘எலிபன்ட் வோக்’ சுமாரான படம். அதைப் பார்ப்பவர்கள் முகம் தெரியாத அந்தத் தூரத்துக் காட்சிகளுக்காகப் பாருங்கள்.