வளரும்வரை காத்திருந்த படம்

உம்மாவின் போனில் ‘சில்லுக் கருப்பட்டி’ பார்த்தேன். படம் முடிந்து பெயர்கள் ஓடியபோது ஒரே பெயர் மூன்று வேலைகளுக்கு வந்தது. எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு: ஹலிதா ஷமீம். ஈச்சிலம்பற்றில் இருக்கும் எனக்கு ஷமீம் என்றால் யாராவது ஒரு மாமியின் பெயர். படம் எடுப்பவரின் பெயராக அதை நான் நினைத்ததே இல்லை.

பெரிய படங்களில் நாயகனுக்குத் திகதி கிடைத்தால்தான் வேலை நகரும். தானே எழுதித் தானே இயக்குபவருக்குக் கதைதான் முதல். பணம் பிறகுதான் வரும், சிலவேளை வராது. ஹலிதா, புஷ்கர்–காயத்ரி, மிஷ்கின், சமுத்திரக்கனி ஆகியோரிடம் உதவி இயக்குநராக இருந்தவர். 2014இல் மூன்று சிறுவர்களை வைத்து ‘பூவரசம் பீப்பீ’ எடுத்தார். நான்கு சிறுகதைகள் சேர்ந்த ‘சில்லுக் கருப்பட்டி’ 2019 டிசம்பரில்தான் வெளிவந்தது. ஐந்து வருட இடைவெளி. சும்மா இருந்திருப்பார் என்றே நினைத்தேன்.

அந்த இடைவெளியில் அவர் ‘மின்மினி’யின் முதற்பாதியை எடுத்து முடித்திருந்தார். அது பள்ளிப் பிள்ளைகளின் கதை. பின்பாதியில் அவர்கள் வளர்ந்துவிட வேண்டும். வழக்கமாக இதற்கு வேறு நடிகர்களைப் போடுவார்கள். இவரோ அதே பிள்ளைகள் வளரும்வரை கெமராவை மூடிவைத்தார். ‘பாபநாசம்’ படத்தில் கமலின் இளைய மகளாக வந்த எஸ்தர் அனிலும் அவர்களில் ஒருவர். படம் 2024 ஓகஸ்ட் 9இல்தான் திரைக்கு வந்தது. அமெரிக்காவில் ரிச்சர்ட் லிங்க்லேட்டர் ‘பாய்ஹூட்’ படத்தைப் பன்னிரண்டு வருடங்களாக எடுத்தார். ஆனால் அவர் வருடாவருடம் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்தார். ஒரேயடியாக நிறுத்திவிட்டுக் காத்திருப்பது இன்னும் பயமான வேலை. ஒரு பிள்ளை நடிக்க மாட்டேன் என்றால் போதும், எடுத்ததெல்லாம் வீண். போட்ட பணமும் அத்தனை வருடம் முடங்கிக் கிடக்கும். அதற்குள் அவர் ‘சில்லுக் கருப்பட்டி’யையும் ‘ஏலே’யையும் முடித்தார் என்பதுதான் எனக்கு வியப்பு.

‘மின்மினி’யின் பின்பாதியில் பேச்சு கொஞ்சம் கூடிப்போனது என்பது என் எண்ணம். ஆனாலும் அந்த முகங்களில் எந்த ஒப்பனையும் தர முடியாத ஒன்று இருக்கிறது.

“இதெல்லாம் பொம்புளப் புள்ளைக்குச் சோறு போடுமா?” என்று மாமி கேட்டா. உயர்தரப் பரீட்சை கிட்ட வருவதால் நான் வாய் திறக்கவில்லை. தரம் 9இல் ஒரு கொப்பியில் படக்கதை ஒன்று தொடங்கினேன். அதில் வரும் சிறுவன் என் தம்பி, அப்போது அவனுக்குப் பத்து வயது. இப்போது அவனுக்குக் குரல் உடைந்துவிட்டது. கொப்பியில் பதினேழாம் பக்கத்தில் அவன் இன்னும் வெருகல் ஆற்றங்கரையில்தான் நிற்கிறான்.