பெண் கைதி 701: தேள்

பெண் கைதி 701: தேள் என்பது 1972 ஆம் ஆண்டு வெளிவந்த ஜப்பானியத் திரைப்படமாகும். டோரு சினோகராவின் மங்கா வரைகதையைத் தழுவிய இது, இயக்குனர் சுன்யா இட்டோவின் முதற்படம். வன்முறையையும் நிர்வாணத்தையும் காட்டிப் பணம் ஈட்டும் 'சுரண்டல் திரைப்படம்' என்ற வகையைச் சேர்ந்தது. எனினும் இதன் சாடல் அரசையும் எட்டுகிறது. சிறை அதிகாரி பாராட்டுப் பெறும் விழாவில் நாட்டுப்பண் ஒலிக்கையில் நாயகி தப்பியோடுகிறாள். காவல்துறைக் காதலனை நம்பி ஏமாந்த அவளது குருதி, வெண்விரிப்பில் ஜப்பானியக் கொடியைப் போல் வட்டமாகப் படர்கிறது. அக்காட்சியில் சுழலும் அரங்கமைப்பு கபுகி நாடகத்தை நினைவூட்டும். நாயகியாக நடித்த மெய்கோ காஜி மிகக் குறைவாகவே பேசுகிறார். வெறித்த பார்வையே அவரது வசனம். ஆயினும், தான் கண்டிக்கும் அதே கொடுமையை இப்படம் விற்கவும் செய்கிறது. காஜி பாடிய இதன் பாடலைக் குவெண்டின் டரான்டினோ கில் பில் இரண்டாம் பாகத்தில் (2004) பயன்படுத்தினார்.