ஊசி முனையில் ஓர் உத்தியோகம்

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனி. இரவு ஒன்பது மணி. ஓவர்லாக் மெஷின்கள் தடதடக்கின்றன. செக்கிங் மேஜைமேல் கிடந்த கைபேசியிலிருந்து ஒரு பழைய சினிமாப் பாட்டு கிளம்பி, அந்தச் சத்தத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. நூல் விலை பற்றி விசாரிக்கப் போயிருந்தேன் நான். அது கிடக்கட்டும், நூல் விலையைப் பற்றிப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

பாட்டு முடிந்தது. பிசிறு வெட்டிக்கொண்டிருந்த பெண், "நல்லாருக்குதே, இது எந்தப் படமுங்ண்ணா?" என்று பொதுவாகக் கேட்டு வைத்தாள்.

கைபேசி பதில் சொல்லவில்லை. அது அடுத்த பாட்டுக்குத் தாவிவிட்டது. பதில் சொன்னவர் மூலை மெஷினில் இருந்த பெரியவர். எழுபதை நெருங்கும் டெய்லர். கை தையலில் இருக்க, படத்தின் பெயர், இசையமைத்தவர், பாட்டு எழுதியவர், பாடியவர்கள் என்று வரிசை பிசகாமல் சொன்னார். அந்த நாலு வாக்கியத்துக்கு மட்டும் அவருடைய கொங்குத் தமிழ் எங்கேயோ போய் ஒளிந்துகொண்டது!

"எங்கே கற்றீர்கள் இதை?" என்றேன்.

"எல்லாம் சிலோன் ரேடியோதானுங்க தம்பி. கைமடிக்கிற பையனா இருந்தப்பவே காதுல ஏறுனது."

இசைத்தட்டைச் சுழலவிட்டு, இடையிடையே பேசி, அதையே ஓர் உத்தியோகமாக நடத்திய மனிதர்களை நீங்கள் எண்ணிப் பார்த்ததுண்டா? அமெரிக்காவில் இவர்களுக்கு 'டிஸ்க் ஜாக்கி' என்று பெயர். 1935-ல் நியூயார்க்கில் மார்ட்டின் பிளாக் என்பவர், ஒரு பிரபல கொலை வழக்கின் செய்திகளுக்கு நடுவே விழுந்த இடைவெளியை நிரப்பத் தட்டுக்களைப் போட்டார். வாத்தியக்காரர்கள் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பதுபோல் பாவனை செய்து பேசினார். ஊரே மயங்கிற்று.

நம் பக்கத்தில் அந்த மயக்கம் கடல் கடந்து வந்தது. அதற்கு நம் சர்க்காரே காரணம் என்றால் சிரிப்பீர்கள். 1952-ல் தகவல் ஒலிபரப்பு மந்திரியாக வந்த டாக்டர் கேஸ்கர், சாஸ்திரீய சங்கீதத்தில் பெரும் பற்றுள்ளவர். சினிமாப் பாட்டு என்றால் அவருக்கு ஆகாது. படத்தின் பெயரைச் சொன்னால் அது விளம்பரமாகிவிடுமாம். ஆகவே அகில இந்திய வானொலியில் பாடகர் பெயரைச் சொல்வார்கள், படத்தின் பெயரைச் சொல்லமாட்டார்கள். தயாரிப்பாளர்கள் கோபித்துக்கொண்டு அனுமதியையே திரும்பப் பெற்றார்கள். கொழும்பிலோ 1950-லேயே வர்த்தக ஒலிபரப்பு தொடங்கியிருந்தது. ஜனங்கள் ரேடியோ முள்ளை அந்தப் பக்கம் திருப்பினார்கள். 1957-ல் 'விவித பாரதி' பிறக்கும்வரை கொழும்புக்குப் போட்டியே இல்லை. பிறந்த பிறகும் முள் முழுசாகத் திரும்பிவிடவில்லை. அந்த நிலையம் பின்னாளில் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் ஆயிற்று. நம்மவர்களுக்கு அது கடைசிவரை சிலோன் ரேடியோதான்.

வேலை சுலபமில்லை. பழைய எழுபத்தெட்டுச் சுற்றுத் தட்டில் ஒரு பக்கம் மூன்று, மூன்றரை நிமிஷம். அதற்குள் அடுத்த தட்டு தயாராக வேண்டும். ஆகவே இரண்டு சுழல் மேஜைகள். ஒன்று பாடும்போது மற்றதில் ஊசியை முதல் சுரத்தின் வாசலில் நிறுத்தி, தட்டைக் கையால் கொஞ்சம் பின்னுக்குச் சுற்றிப் பிடித்துக்கொள்ள வேண்டும். அடியில் மேஜை சுழன்றுகொண்டிருக்கும். பேச்சின் கடைசி எழுத்து வாயிலிருந்து விழும்போது விரல் விலக வேண்டும். ஒரு கணம் பிசகினால் பாட்டு குடிகாரன்போல் இழுத்துக்கொண்டு எழும்! ஊசியை நம்பிப் பிழைப்பதில் திருப்பூர்க்காரர்களுக்கு இவர்கள் அண்ணன் தம்பி முறை என்றே சொல்லலாம்.

தமிழ்ச் சேவையின் முதல் நட்சத்திரம் எஸ். பி. மயில்வாகனன். முகம் தெரியாது, பெயரோ தமிழ்நாட்டுப் பட்டிதொட்டியெல்லாம் தெரியும். பிறகு ராஜேஸ்வரி சண்முகம், பி. எச். அப்துல் ஹமீது, கே. எஸ். ராஜா என்று ஒரு வரிசை. ஹமீது கொழும்புக்காரர், சிறு பிள்ளையாகவே வானொலிக்குள் நுழைந்தவர். இலக்கணம் பிசகாத அவர் உச்சரிப்பைக் கேட்டுத் தங்கள் உச்சரிப்பைத் திருத்திக்கொண்டவர்கள் இக்கரையில் உண்டு. 'பாட்டுக்குப் பாட்டு' அவருடைய பெயரோடு ஒட்டிக்கொண்ட நிகழ்ச்சி. கொடுத்த எழுத்தில் தொடங்கும் பாட்டைச் சட்டென்று பாட வேண்டும். பழைய பாட்டுக்கள் தெரியாதவருக்கு அங்கே ஜயமில்லை. வானொலியில் தொடங்கிய அதையே பின்னர் சன் தொலைக்காட்சிக்கும் கொண்டுவந்து, தேசம் தேசமாகச் சென்று நடத்தினார். 'வானலைகளில் ஒரு வழிப்போக்கன்' என்று தம் அனுபவங்களைப் புத்தகமாகவும் எழுதியிருக்கிறார்.

ராஜாவின் கதை வேறு. யாழ்ப்பாணத்துக் காரைநகர்க்காரர். முழுப்பெயர் கனகரத்தினம் ஸ்ரீஸ்கந்தராஜா. மற்றவர்கள் நடந்தார்கள் என்றால் இவர் ஓடினார். மூச்சு விடுவாரா என்று சந்தேகம் வரும். ஆனால் ஒரு சொல்கூடச் சிதையாது. புதுப்பட விளம்பரத்தை அவர் வாயால் கேட்டுவிட்டுக் கொட்டகைக்குப் போய், படம் அந்த விளம்பரத்துக்கு உறை போடக் காணாது என்று திரும்பியவர்கள் பலர்.

"ராசா பேசுனா மிசினே வேகமா ஓடுமுங்க. மொதலாளி ரேடியோவ நிறுத்தச் சொல்லமாட்டாரு" என்றார் பெரியவர்.

1983 ஜூலைக் கலவரத்துக்குப் பின் இலங்கையில் எல்லாமே மாறிவிட்டது. பின்னர் கொழும்பில் ராஜா கொலை செய்யப்பட்டார். சினிமாப் பாட்டு அறிவித்துப் பிழைத்த ஒரு மனிதர்! லட்சக்கணக்கான வீடுகளில் காலையில் வந்து பேசிவிட்டுப் போனவருக்கு இப்படி ஒரு முடிவு வந்ததை நினைத்தால் இன்றைக்கும் மனம் ஆறுவதில்லை.

இன்றைக்குப் பாட்டுக்குப் பஞ்சமில்லை. கைபேசியைத் தட்டினால் விடிய விடியக் கொட்டுகிறது. திரையில் பெயரும் ஓடுகிறது என்பீர்கள். துணியின்மேல் கண்ணும் ஊசியின் கீழ் கையுமாக இருக்கிறவர் திரையை எப்படிப் பார்ப்பார்? அவருக்குக் காது மட்டுமே காலி. அந்தக் காதில் நாலு பெயரைப் போட்டுவைத்தவர்கள் அறிவிப்பாளர்கள். எழுதிய கவிஞருக்கும் மெட்டமைத்தவருக்கும் அதுவே ஒரு சன்மானம்.

புறப்படும்போது பெரியவர் தயங்கித் தயங்கிக் கேட்டார்:

"ராசா எப்படி இருப்பாருங்க தம்பி? மொகம் பாத்ததில்ல."

என் கைபேசியில் தேடிப் படத்தை எடுத்துக் காட்டினேன். அன்று மாலை முதல் ஓடிக்கொண்டிருந்த மெஷினை நிறுத்தினார். கண்ணாடியைக் கழற்றிப் பனியன் துண்டில் துடைத்து, மறுபடி போட்டுக்கொண்டு உற்றுப் பார்த்தார்.

"இன்னும் கொஞ்சம் மீசை பெருசா இருக்குமுன்னு நெனச்சிருந்தேனுங்க" என்றார்.