கம்பியின் இழுவை அறிந்த கைகள்

ஒரு கிலோமீட்டர் நீள எஃகுக் கம்பி, வெப்பம் 20 டிகிரி செல்சியஸ் ஏறினால் சுமார் 24 சென்டிமீட்டர் நீண்டுவிடும். ரயில்வே கேபின்களில் கைகாட்டி சிக்னலைக் கம்பி வழியே இயக்க லீவர் இழுத்தவர்கள் இந்தக் கணக்கைத் தோளில் உணர்ந்திருந்தார்கள். உச்சிவெயிலில் தொய்ந்த கம்பியை இறுக்காமல் இழுத்தால், தொலைவில் நிற்கும் கைகாட்டி முழுதாக இறங்காது. விடியற்காலைக் குளிரில் கம்பி சுருங்கும்போது ஆபத்து இன்னும் பெரிது. லீவரை யாரும் தொடாமலேயே கைகாட்டியின் கை லேசாகச் சாய்ந்து நிற்கும். 'நில்' என்பதா 'போ' என்பதா என்று ஓட்டுநர் தடுமாறிப்போவார். அதனால் பொழுதுக்குப் பொழுது கம்பியைச் சரிபார்த்தார்கள். இழுக்கும்போது பாரம் குறைந்தால் கம்பி அறுந்திருக்கலாம் என்று கை சொல்லிவிடும். அறுந்தாலும் எதிர்எடை கைகாட்டியை 'நில்' நிலைக்கே தூக்கிவிடும். எத்தனை அருமையான ஏற்பாடு!

கைகாட்டியின் இரவு விளக்கிலும் நுட்பம் உண்டு. பச்சை காட்டும் கண்ணாடி நீலம் கலந்தது. மண்ணெண்ணெய்ச் சுடரின் மஞ்சள் அதன் வழியே வரும்போது பச்சையாகத் தெரியும்.

தடம் மாற்றும் பாயிண்டுகளையும் சிக்னல்களையும் ஒன்றோடொன்று பிணைத்து இயக்கும் அமைப்புக்கு இங்கிலாந்தின் ஜான் சாக்ஸ்பி 1856-இல் காப்புரிமை பெற்றார். இன்று அந்த வேலையை மின்னணு இன்டர்லாக்கிங் செய்கிறது. பெட்டிகளின் அச்சுகளை எண்ணி, பாதை காலியா என்று கருவியே சொல்கிறது. ஒற்றைப் பாதையில் பிரம்பு வளையத்தில் பயண அனுமதிக்கான டோக்கனை மாட்டி, ஓடும் ரயிலுக்குக் கொடுத்த காட்சியும் அரிதாகிவிட்டது. பாதுகாப்பு கூடியிருக்கிறது, ஐயமில்லை.

ஆனால் 2023 ஜூன் 2 அன்று ஒடிசாவின் பாஹாநகா பஜாரில், சென்னைக்கு வந்துகொண்டிருந்த கோரமண்டல் எக்ஸ்பிரஸுக்கு மெயின் லைனுக்கான பச்சை விழுந்தது. தண்டவாளமோ லூப் லைனுக்குத் திரும்பியிருந்தது. விபத்துக்குச் சிக்னல் இணைப்பு வேலையில் நேர்ந்த தவறே காரணம் என்று விசாரணை கண்டது. கம்பியின் தொய்வு கைக்குத் தெரியும். சிக்னல் பெட்டிக்குள் மாறிப்போன இணைப்பு எந்தக் கைக்கும் தெரியாது. முறையான சோதனை ஒன்றுதான் அதைக் காட்டிக்கொடுக்கும்.

கருவி பழுதானால் இன்றும் பாயிண்ட்ஸ்மேன் தண்டவாளத்துக்கு நடந்துபோய், கைப்பிடியைச் சுழற்றிப் பாயிண்டை மாற்றி, கிளாம்ப் போட்டுப் பூட்டி, கொடியோ விளக்கோ காட்ட வேண்டியிருக்கிறது. பழுது அரிதாக ஆக, இந்தப் பழக்கமும் கைவிட்டுப் போகிறது. அடைமழை இரவில், ரயில் காத்திருக்க, இதைப் பதறாமல் செய்யப் பலமுறை செய்து பழகிய கை வேண்டும். லீவர் இழுத்த தலைமுறையில் இன்னும் பணியில் இருப்பவர்களைப் பயிற்சிப் பள்ளிகளுக்கு அழைத்து, இளையவர்களைத் தண்டவாளத்தில் இறக்கிப் பழக்க இதுவே நேரம்.