பிரசவ அறைக்குள் கேமரா

யூடியூபர் இர்ஃபானுக்கு 2024 ஜூலையில் சோழிங்கநல்லூர் தனியார் மருத்துவமனை ஒன்றில் பெண் குழந்தை பிறந்தது. அக்டோபரில் அவர் வெளியிட்ட வீடியோவில் ஆபரேஷன் தியேட்டரே இருந்தது. தொப்புள்கொடியை அவர் கையாலேயே வெட்டும் காட்சியும் இருந்தது. சுகாதாரத் துறை மருத்துவமனைக்கு 50,000 ரூபாய் அபராதமும் 10 நாள் தடையும் விதித்தது. அதே ஆண்டு மே மாதம்தான், துபாயில் ஸ்கேன் எடுத்துக் கருவின் பாலினத்தை அறிவித்த வீடியோவுக்காக நோட்டீஸ் வாங்கி மன்னிப்புக் கேட்டிருந்தார்.

அவர் வெட்டியது சரியா தவறா என்று ஊரே விவாதித்தது. பெற்றவளின் உடம்பு, வலி, அந்த நேரத்து மனநிலை பற்றிப் பேசியவர்கள் குறைவு. எனக்கு உறுத்துவது அதுதான்.

நம் சினிமா நெடுங்காலமாகப் பழக்கிவிட்ட பார்வை இது. திரையில் அம்மா என்றால் மகனுக்கு அம்மா, அவ்வளவுதான். 1975-இல் 'அபூர்வ ராகங்கள்' படத்தில் ரஜினிகாந்தின் மனைவியாக நடித்த ஸ்ரீவித்யா, 1991-இல் 'தளபதி'யில் அவருக்கே தாயானார். வயதில் ரஜினியைவிட இளையவர். கதை மகனுடையதாக இருக்கும்போது அம்மாவின் வயதுகூட யாருக்கும் பொருட்டாவதில்லை. லட்சுமி ராமகிருஷ்ணனின் 'ஆரோகணம்' (2012) போல, மனநோயோடு போராடிக்கொண்டே குடும்பத்தைச் சுமக்கும் தாயைக் கதையின் நடுவில் வைத்த படங்கள் அபூர்வம்.

அம்மாவைத் தெய்வமாக்கிவிட்டால் அவள் அசதியில் கண்ணயரக்கூட முடியாது. 2024 ஏப்ரலில் திருமுல்லைவாயிலில், அடுக்குமாடிக் குடியிருப்பின் தகரக் கூரையில் விழுந்த கைக்குழந்தையை அக்கம்பக்கத்தார் மீட்ட வீடியோ நாடெங்கும் பரவியது. கீழே சிலர் போர்வையை விரித்துப் பிடித்திருக்க, ஒருவர் ஜன்னல் வழியே ஏறிக் குழந்தையை எடுத்தார். அதன்பின் வசவெல்லாம் தாயின் மேல்தான். அப்பாவைக் கேள்வி கேட்ட பதிவு என் கண்ணில் படவில்லை. அடுத்த மாதம் அந்தத் தாய் உயிரை மாய்த்துக்கொண்டார். திட்டியவர்களில் பலருக்கு அவரை நேரில் தெரிந்திருக்காது. மனம் தாங்காத நிலையில் இருப்பவர்கள் 104, 14416 எண்களில் எந்நேரமும் பேசலாம். பிள்ளை பெற்றவர்களின் வீட்டார் இந்த எண்களைக் குறித்து வைத்துக்கொள்வது நல்லது.

வேலைக்கும் போகும் தாய்மார்களைப் பார்க்க வேண்டுமானால், தாம்பரம் சானடோரியத்தில் மெப்ஸ் ஏற்றுமதி மண்டலத்தின் வாசலில் ஷிஃப்ட் விடும் நேரத்தில் நின்று பாருங்கள். "பாப்பா பால் குடிச்சாளாம்மா?" என்று போனில் கேட்டுக்கொண்டே ஸ்டேஷனுக்கு விரைகிற பெண்கள் இருப்பார்கள். ஊரப்பாக்கத்திலோ கூடுவாஞ்சேரியிலோ பாட்டி பார்த்துக்கொள்கிறாள். பாட்டி இல்லாத வீட்டில் பக்கத்து வீட்டு அக்கா.

இவர்களுக்கென்று சட்டம் இருக்கிறது. மகப்பேறு நலச் சட்டத்தின் 2017 திருத்தம் முதல் இரண்டு குழந்தைகளுக்கு 26 வாரச் சம்பள விடுப்பைக் கொண்டுவந்தது. 50 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் நிறுவனம் குழந்தைகள் காப்பகத்துக்கு ஏற்பாடு செய்ய வேண்டும் என்றும் சொன்னது. தாய் ஒரு நாளில் நான்கு முறை அங்கே போய்ப் பிள்ளையைப் பார்த்து வரலாம்.

வேலைக்குப் போகும் நாயகிகள் சீரியலிலும் சினிமாவிலும் நிறையவே வந்துவிட்டார்கள். அவர்களில் ஒருத்தியாவது மேனேஜரிடம் போய், "நம்ம கம்பெனியில் காப்பகம் எங்கே சார்?" என்று கேட்கிற காட்சியை யாராவது எழுத வேண்டும்.