திசைச்சொல்லும் குழூஉக்குறியும்: வட்டார அகராதி மரபில் வீரசோழனின் இடம்

முன்னுரை

விருதுநகர் மாவட்டத்துத் திருச்சுழி வட்டத்தில், நரிக்குடிப் பகுதியில் அமைந்த ஊர் வீரசோழன். அருப்புக்கோட்டையைச் சூழ்ந்த கரிசல் இவ்வூரை நெருங்கும்போது மெலிந்து, கண்மாய் நீரை நம்பிய வயல்களும் கருவைக் காடுகளும் தொடங்குகின்றன. முஸ்லிம் குடும்பங்களும் பிற சமூகத்தாரும் அடுத்தடுத்து வாழும் இவ்வூரில், ஒரு வீட்டுப் பிள்ளை 'அத்தா' என்று தந்தையை அழைக்கும். பக்கத்து வீட்டுப் பிள்ளை 'ஆத்தா' என்று தாயை அழைக்கும். முதலெழுத்தின் குறில் நெடில் வேறுபாடு, தந்தையையும் தாயையும் மட்டுமன்றி இரு வீட்டு மரபுகளையும் பிரித்துக் காட்டுகிறது. இவ்விரு சொற்களையும் இவ்வூர் வழக்காகக் காண எந்த வட்டார அகராதியைத் திறப்பது என்ற வினாவே இக்கட்டுரைக்குத் தூண்டுதலாயிற்று.

இலக்கணம் கண்டதும் நிகண்டு விட்டதும்

வட்டார வழக்கை ஒரு சொல்வகையாக ஏற்பதில் தமிழ் பின்தங்கவில்லை. இயற்சொல், திரிசொல், வடசொல் ஆகியவற்றோடு திசைச்சொல்லையும் தொல்காப்பியம் செய்யுட்குரிய சொல்லாக வைத்தது. தென்பாண்டி நாட்டார் ஆவையும் எருமையையும் 'பெற்றம்' என்பதையும், குட்டநாட்டார் தாயைத் 'தள்ளை' என்பதையும் உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டினர். ஒரு தொழிலாரோ குழுவினரோ தமக்குள் மட்டும் வழங்கும் சொல்லை நன்னூல் குழூஉக்குறி எனத் தனியே வகுத்தது. பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பதும், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பதும் மாணவர் அனைவரும் அறிந்த சான்றுகள்.

அனைவரும் அறிந்தவை என்பதே இங்குக் குறையாகவும் இருக்கிறது. உரைதோறும் ஏறக்குறைய அதே சில சொற்கள்தாம் திரும்ப வருகின்றன. திவாகரமும் பிங்கலமும் சூடாமணியும் செய்யுள் இயற்றுவார்க்கு உதவும் சொற்களைத் திரட்டின. தள்ளை என்று அழைத்தவரிடம் போய் வேறென்ன சொல்வீர்கள் என்று கேட்பது நிகண்டாசிரியரின் வேலையாகக் கருதப்படவில்லை. வகைப்பாடு இருந்தது, தொகுப்பு இல்லை.

ஆங்கிலத்தில் நேர்ந்தது

ஆங்கில மரபு இதற்கு மறுதலையாகத் தொடங்கியது. அங்கே முதலில் தொகுக்கப்பட்டவை ஊர்ச் சொற்களல்ல, நாடோடிகளின் மறைசொற்கள். கென்ட் பகுதியில் வாழ்ந்த தாமஸ் ஹார்மன் தம் வாயிலுக்கு வந்த இரவலரை வினவித் திரட்டிய சொற்பட்டியலை 1567இல் வெளிவந்த தம் எச்சரிக்கை நூலில் சேர்த்தார். சொல்லை அறிந்தால் ஆளை அறியலாம், அறிந்தால் தண்டிக்கலாம் என்பதே அதன் நோக்கம். பிரான்சிஸ் குரோஸ் 1785இல் வெளியிட்ட கொச்சைமொழி அகராதியில் இந்த அச்சம் தணிந்து வேடிக்கையுணர்வு மேலோங்குகிறது. இரண்டே ஆண்டில் அவரே மாகாணச் சொற்களுக்கும் ஒரு தொகுதி வெளியிட்டார். குழூஉக்குறியையும் திசைச்சொல்லையும் ஒருவரே இரு நூல்களாகப் பிரித்தது தமிழ் படித்தவர்க்கு வியப்பளிக்காது.

வட்டாரச் சொற்களை முறையாகத் தொகுக்கும் முயற்சிக்கு வேறொரு அச்சம் காரணமாயிற்று. இருப்புப்பாதையும் 1870ஆம் ஆண்டுக் கல்விச் சட்டமும் ஊர்ப்பேச்சை அழித்துவிடும் எனக் கருதியவர்கள் 1873இல் ஆங்கிலக் கிளைமொழிக் கழகத்தை நிறுவினர். அதன் திரட்டுகளின் மேல் ஜோசப் ரைட் 1898 முதல் 1905 வரை ஆறு தொகுதிகளில் தம் பேரகராதியைக் கட்டினார். இளமையில் ஆலைத் தொழிலாளியாக இருந்து, பதினைந்து வயதளவில் எழுத்தறிந்து, ஆக்ஸ்போர்டில் பேராசிரியரானவர் அவர். அவரது அகராதியில் நாம் கருதத்தக்கது அளவன்று. ஒவ்வொரு சொல்லும் எந்தெந்தக் கோட்டத்தில் வழங்குகிறது என்ற குறிப்பே.

மறைசொல் திரட்டும் கலை இந்தியாவுக்கும் வந்தது, வந்தபோது ஹார்மனின் நோக்கத்தையே சுமந்து வந்தது. தக்கர்களின் மறைமொழியைத் தொகுத்து ஸ்லீமன் 1836இல் கல்கத்தாவில் வெளியிட்ட நூல் அத்தகையது.

தமிழகராதிகளும் எழுத்தாளர்களும்

சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், 1939இல் பின்னிணைப்பாகவும் வந்தது. அது வட்டார வழக்கை ஒதுக்கவில்லை. யாழ்ப்பாணம், நாஞ்சில்நாடு முதலான சில நிலப்பகுதிகளுக்குத் தனிக் குறுக்கங்கள் உண்டு. ஆயினும் மிகப் பல சொற்கள் 'இடவழக்கு' என்னும் பொதுமுத்திரையோடு நின்றுவிடுகின்றன. எந்த இடம் என்று கேட்டால் பக்கம் மௌனமாகிவிடும்.

அந்த இடத்தைச் சொன்னவர் ஓர் உழவர். கோவில்பட்டியை அடுத்த இடைசெவலைச் சேர்ந்த கி. ராஜநாராயணன் தொகுத்த கரிசல் வட்டாரச் சொல்லகராதி 1982இல் வெளிவந்தது. அதன்பின் பெருமாள்முருகனின் கொங்கு வட்டாரச் சொல்லகராதி 2000இலும், கண்மணி குணசேகரனின் நடுநாட்டுச் சொல்லகராதி 2007இலும் வந்தன. மூவரும் புனைகதை எழுத்தாளர்கள். தம் கதைகளைப் படிக்க வாசகருக்குச் சொல் தடையாக இருந்ததை உணர்ந்தவர்கள் அகராதி செய்யப் புகுந்தது இயல்பே. மொழித்துறைகள் உள்ள நம் பல்கலைக்கழகங்கள் இப்பணியைத் தனிமனிதரிடம் விட்டுவிட்டதை அவ்வாறு இயல்பென ஒதுக்க இயலவில்லை.

இவ்வகராதிகள் நிலத்தின் பெயரைச் சூடியவை. அதனால் நிலம் மாறும் இடத்தில் அமைந்த ஊர்கள் நழுவுகின்றன. வீரசோழன் கரிசலின் கருவன்று. இராமநாதபுரச் சீமையின் சொற்களும் மதுரைப் பக்கத்துச் சொற்களும் இங்கே கலக்கின்றன. நெல்லையில் குளம் என்றும் வடக்கே ஏரி என்றும் சொல்வதை இங்குக் கண்மாய் என்பர். பேச்சில் அது கம்மாயாகும். 'மூட்டம்' என்றால் பிற பகுதித் தமிழர்க்கு மேகம் நினைவுக்கு வரும். இங்கு அது விறகை அடுக்கி மண்ணால் மூடிக் கரியாக்கும் குவியல். சீமைக்கருவேல் பரவியபின் பெருகிய தொழிலின் சொல் அது; மண்ணின் நிறத்தைவிடத் தொழிலே அதன் எல்லையைத் தீர்மானிக்கிறது. அத்தா, ஆத்தா வேறுபாட்டின் எல்லையோ வீட்டுச்சுவர்.

எனவே என் களத்தொகுப்பில் ஒவ்வொரு சொல்லட்டையிலும் ஊர், சொன்னவரின் வயது, தொழில், வீட்டுமரபு ஆகிய நான்கையும் குறிக்கிறேன். பெயரைக் குறிப்பதில்லை. இம்முறையும் ஓரிடத்தில் தடைப்பட்டது. வீரசோழன் வாரச்சந்தையில் ஆட்டுத் தரகர்கள் துண்டுக்கு அடியில் விரல்பிடித்து விலை பேசுவதைப் பார்த்து, வாயால் சொல்லும்போது எண்களுக்கு வேறு பெயர் உண்டா என்று ஒரு முதியவரிடம் கேட்டேன். உண்டு என்றார். சொல்லுங்கள் ஐயா என்றதும் சிரித்தார். "அதை நீங்க எழுதிப்புட்டா நாங்க எதை வச்சுத் தரகு பாக்குறது தம்பி?" என்றார்.

குரோஸ் இவ்வினாவை எதிர்கொண்டாரா எனத் தெரியாது. ஹார்மனுக்கு இது ஒரு வினாவே அன்று. குற்றப் பரம்பரைச் சட்டம் 1947இல் சென்னை மாகாணத்தில் நீக்கப்படும்வரை அதன் பிடியில் வாழ்ந்த மக்களைக் கொண்டது இராமநாதபுரச் சீமை. கையில் ஏட்டோடு வந்து சொல் கேட்பவரை இங்கே ஐயத்தோடு பார்ப்பதற்கு அந்த நினைவும் காரணமாகலாம். அந்த எண்களுக்குரிய அட்டைகளில் ஊரும் தொழிலும் குறித்திருக்கிறேன். சொல்லுக்குரிய இடத்தை வெறுமையாகவே விட்டிருக்கிறேன்.