கெட்ட எண்ணெய் எங்கே?

ஸ்பெயினின் தென்பகுதியான அந்தலூசியாவில் ஹயேன் என்றொரு மாகாணம் இருக்கிறது. அங்கே ஐந்தரை லட்சம் ஹெக்டேருக்கும் மேல் ஆலிவ் தோப்புதான். மரங்கள் ஆறு கோடிக்கும் அதிகம். மழை பொய்க்காத ஆண்டில் உலகத்து ஆலிவ் எண்ணெயில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு இந்த ஒரே மாகாணத்திலிருந்து வருகிறது. அங்குள்ள பயேசா, உபேதா என்ற இரண்டு ஊர்கள் 2003இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றன. அவற்றின் அரண்மனைகளையும் தேவாலயங்களையும் பார்க்க வருகிறவர்களைத் தோப்புப் பக்கமும் திருப்பிவிட, மாகாண நிர்வாகமே 'ஒலியோடூர் ஹயேன்' என்ற பெயரில் ஒரு சுற்றுலாத் திட்டத்தை நடத்துகிறது. காலையில் தோப்பு, பிறகு அல்மசாரா என்று அவர்கள் சொல்லும் எண்ணெய் ஆலை, கடைசியில் ஒரு மேசை. மேசைமேல் சின்னச் சின்ன நீலக் கண்ணாடிக் கிண்ணங்கள், ரொட்டித் துண்டுகள், பக்கத்திலேயே விலைப்பட்டியல். இத்தாலியிலும் கிரேக்கத்திலும் இதே வரிசைதான். இந்த ஆலிவ் சுற்றுலாக்களை ஒரே கேள்வியால் அளந்துவிடலாம் என்று நினைக்கிறேன்: மேசைமேல் கெட்ட எண்ணெய் ஒரு கிண்ணமாவது வைக்கிறார்களா? வைக்காத சுற்றுலா, எவ்வளவு அழகான தோப்பைக் காட்டினாலும், கடைக்குப் போகும் நீளமான வழி மட்டுமே என்பது என் கட்சி.

வினோதமாகத் தோன்றும் இந்தக் கோரிக்கைக்கு அடிப்படை சட்டத்திலேயே இருக்கிறது. 'எக்ஸ்ட்ரா வர்ஜின்' என்ற முத்திரையைப் பெற ஓர் எண்ணெய் இரண்டு வாசல்களைத் தாண்ட வேண்டும். முதலாவது ஆய்வுக்கூடம். அமிலத்தன்மை 0.8 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்பதில் தொடங்கி அங்கே பல சோதனைகள். இரண்டாவது வாசல் மனித நாக்கு. பயிற்சி பெற்ற 8 முதல் 12 பேர் அடங்கிய குழு எண்ணெயை மோந்தும் ருசித்தும் தீர்ப்புச் சொல்ல வேண்டும் என்று 1991இல் ஐரோப்பியச் சமூகம் விதி இயற்றியது. முறையை வகுத்துத் தந்தது மாட்ரிடில் இருக்கும் சர்வதேச ஆலிவ் கவுன்சில். பச்சையா மஞ்சளா என்று கண் முந்திக்கொண்டு தீர்ப்புச் சொல்லிவிடக் கூடாது என்பதற்காகத்தான் கிண்ணம் அடர்நிறக் கண்ணாடியில் இருக்கிறது. வாசனை பறந்துவிடாமல் அதற்கு ஒரு மூடி. எண்ணெயின் சூடு ஏறக்குறைய 28 டிகிரி. ஒவ்வொருவரும் தனித்தனியாக மதிப்பெண் போடுகிறார்கள். சராசரி எடுப்பதில்லை, வரிசைப்படுத்தி நடுவில் நிற்கும் எண்ணை எடுக்கிறார்கள் என்பதால் யாரோ ஒருவருடைய கோணல் நாக்கு முடிவைக் கெடுத்துவிடாது. பழ வாசனைக்கான எண் பூஜ்யத்துக்கு மேலே இருக்க வேண்டும், குறைக்கான எண் பூஜ்யமாகவே இருக்க வேண்டும். குறை 3.5 வரை போனால் வெறும் 'வர்ஜின்'. அதையும் தாண்டினால் 'லம்பாந்தே', அதாவது விளக்கெரிக்கிற தரம். சுத்திகரிக்காமல் கடைக்கு வர முடியாது. ஆக, உயர்தரம் என்பதற்குச் சட்டம் சொல்லும் இலக்கணத்தில் பாதி குறையின்மை. குறை இன்னதென்று ஒருமுறைகூட மோந்து பார்க்காதவருக்கு அது இல்லாமலிருப்பது எப்படித் தெரியும்? குழுவுக்கு ஆள் எடுக்கும்போதே இதைத்தான் சோதிக்கிறார்கள். குவியலில் நொதித்த வாடை, புளித்த வாடை, காறல், கசப்பு ஆகிய நான்கையும் வெவ்வேறு செறிவுகளில் கலந்து வைத்து, எது கூட, எது குறைச்சல் என்று அடுக்கச் சொல்கிறார்கள். நான்கில் மூன்று கெட்டவை.

இந்தக் குறைகள் ஒவ்வொன்றுக்கும் தோப்பிலோ ஆலையிலோ ஒரு பிறப்பிடம் உண்டு. சுற்றுலாவின் முற்பாதிக்கு அர்த்தம் கிடைப்பது இங்கேதான். ஹயேன் விவசாயிகள் மரத்திலிருந்து இறக்கிய காயை 'வுவேலோ' என்றும், தானாக உதிர்ந்து தரையில் கிடந்த காயை 'சுவேலோ' என்றும் பிரித்துப் பேசுவார்கள். இரண்டையும் ஒன்றாகக் கொட்டினால் நல்ல காயும் சேர்ந்து கெடும். பறித்த காயை மூட்டையிலோ முற்றத்திலோ குவித்து நாள்கணக்கில் காக்க வைத்தால் அடியில் சூடேறி நொதிக்கும். அந்த எண்ணெயில் ஊறல் தொட்டியின் வாடை வரும். ஈரத்தில் பூசணம் பிடித்த காய் பூசண வாடையையும், நுரைத்துப் புளித்த காய் காடி நெடியையும் தரும். ஆலையில் அரைத்த விழுதைப் பிசையும்போது 27 டிகிரிக்கு மேல் சூடேற்றினால் எண்ணெய் கூடுதலாக இறங்கும், ஆனால் வாசனை போய்விடும். 'குளிர்முறையில் எடுத்தது' என்று பாட்டிலில் அச்சடிக்கும் உரிமையும் போய்விடும். கடைசிக் குறையான காறல் பெரும்பாலும் ஆலையைத் தாண்டியபின் வருவது. வெளிச்சமும் காற்றும் வெயிலும் கிடங்கிலும் கடை அலமாரியிலும் நம் அடுப்பங்கரையிலும் செய்கிற வேலை அது. வழிகாட்டி தோப்பில் நின்றுகொண்டு 'நாங்கள் அன்றன்றே அரைத்துவிடுவோம்' என்று சொல்லும்போது வந்தவர்கள் தலையாட்டுகிறார்கள். அன்றன்றே அரைக்காததன் வாடை மூக்குக்குத் தெரிந்திருந்தால்தான் அந்த வாக்கியத்துக்கு எடை.

தோப்புக்காரரின் வருமானக் கணக்கும் இந்த மூக்கில்தான் வந்து முடிகிறது. ஹயேனில் பெரும்பாலான மரங்கள் பிக்குவால் என்ற வகை. வெகுகாலம் அங்கே காய் நன்றாகக் கறுத்து எண்ணெய் ஏறும்வரை காத்திருந்து டிசம்பர், ஜனவரியில்தான் பறித்தார்கள். கூட்டுறவு ஆலை தருவது காயின் எடைக்கும் அதில் இறங்கும் எண்ணெய்க்குமான விலை என்றால் யார் எதற்காக அவசரப்படுவார்கள்? எண்ணெயில் பெரும்பகுதி மொத்தமாக டாங்கர்களில் ஏறி, இத்தாலிய நிறுவனங்களின் பாட்டில்களுக்கும் போய்ச் சேர்ந்தது. கடந்த இருபது ஆண்டுகளுக்குள்தான், அக்டோபரில் பச்சைக் காயாகவே பறித்துத் தன் பெயரிலேயே பாட்டிலில் அடைத்து விற்கும் பழக்கம் ஹயேனில் வலுத்தது. அந்த எண்ணெயில் தக்காளி இலையும் அத்தி இலையும் கசக்கிய வாசனை எழும். ஆனால் வழக்கமாக ஒரு லிட்டருக்கு ஐந்து கிலோ காய் போதும் என்றால், இதற்கு எட்டு, பத்துக் கிலோகூடத் தேவைப்படும். இந்த நஷ்டத்தை ஈடுகட்ட ஒரே வழி, வித்தியாசம் தெரிந்து கூடுதல் விலை கொடுக்கிற வாடிக்கையாளர். அவரை உருவாக்கும் இடம் அந்தச் சுற்றுலா மேசை. அங்கே நான்கு நல்ல எண்ணெய்களை மட்டும் வரிசையாக ஊற்றினால் வந்தவர் நான்கையும் 'அருமை' என்று சொல்லிவிட்டுப் போவார். ஊர் திரும்பியதும் மலிவான பாட்டிலையும் அதே வாயால் அருமை என்பார்.

இது வெறும் ஊகம் என்று தோன்றினால் கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகத்தில் நடந்த இரண்டு ஆய்வுகளைப் பார்க்கலாம். 2010இல் வெளிவந்தது முதலாவது. கலிபோர்னியக் கடைகளில் வாங்கிய வெளிநாட்டு 'எக்ஸ்ட்ரா வர்ஜின்' மாதிரிகளில் 69 சதவீதம் ருசிக்குழுவின் சோதனையில் தேறவில்லை என்றது அது. அந்த ஆய்வுக்குப் பணம் கொடுத்தவர்களில் கலிபோர்னிய ஆலிவ் எண்ணெய் உற்பத்தியாளர்களும் உண்டு. ஆகவே எண்ணைக் கொஞ்சம் தள்ளி வைத்தே பார்க்க வேண்டும். எனக்கு முக்கியமாகப் படுவது அடுத்த ஆண்டின் ஆய்வு. சாதாரண நுகர்வோருக்குப் பல தர எண்ணெய்களைக் கொடுத்தபோது, வல்லுநர்கள் மெச்சிய எண்ணெய்களைப் பெரும்பாலோர் விரும்பவில்லை. காரணம் அவற்றின் கசப்பும் காரமும். காறிய எண்ணெயிலேயே பழகிய நாக்குக்கு அந்தக் காறல்தான் ஆலிவின் இயல்பான ருசி. 'ஜனங்களுக்குப் பிடித்ததைச் சாப்பிடட்டுமே, நாக்குக்குச் சட்டாம்பிள்ளை எதற்கு?' என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான், பிடித்ததைச் சாப்பிடலாம். ஆனால் கெட்டதைச் சாப்பிடுவதற்கு நல்லதன் விலையை ஏன் கொடுக்க வேண்டும்? லம்பாந்தேயைச் சுத்திகரித்துக் கொஞ்சம் நல்லதைக் கலந்து வெறும் 'ஆலிவ் எண்ணெய்' என்று சட்டப்படியே விற்கிறார்கள், விலையும் குறைவு. மென்மை வேண்டுவோர் அதை நாணயமாக வாங்கிக்கொள்ளலாம்.

தொண்டையில் ஏறும் அந்தக் காரத்தைக் குறை என்றே முதலில் யாரும் நினைப்பார்கள். சட்டமோ பழ வாசனை, கசப்பு, காரம் மூன்றையும் நல்ல குணங்களின் பட்டியலில் வைத்திருக்கிறது. ஃபிலடெல்ஃபியாவின் மோனெல் ஆய்வு மையத்தைச் சேர்ந்த கேரி போஷம், திரவ வடிவ இபுப்ரோஃபன் மருந்து தொண்டையில் உண்டாக்கும் எரிச்சலை ஏற்கெனவே ஆராய்ந்து வந்தவர். 1999இல் சிசிலியில் புது எண்ணெயை ருசித்தபோது அதே எரிச்சல், அதே இடத்தில். அதற்குக் காரணமான பொருளைப் பிரித்து, ஓலியோகாந்தல் என்று பெயரிட்டு, அது இபுப்ரோஃபன் தடுக்கும் அதே நொதிகளைத் தடுக்கிறது என்று அவருடைய குழு 2005இல் 'நேச்சர்' இதழில் எழுதியது. (இதைக் கேட்டுவிட்டுப் பாட்டிலோடு கவிழ்த்துக்கொள்ள வேண்டாம். தினம் 50 கிராம் குடித்தாலும் வலிக்கான மருந்தளவில் பத்தில் ஒரு பங்குக்குத்தான் சமம் என்பது அவர்களே போட்ட கணக்கு.) நாள் ஆக ஆக இந்தக் காரம் குறைந்துவிடும். ஆகவே இருமல் வரவழைக்கும் எண்ணெய் புதியது என்பதற்கு அதுவே ஒரு சான்று. வழிகாட்டிகள் இதைச் சொல்லத் தவறுவதில்லை, ஏனென்றால் இது அவர்களுடைய சரக்குக்குச் சாதகம்.

வலுவான மறுப்பு வேறு பக்கத்திலிருந்து வருகிறது: நாக்கை நம்புவது ஆபத்து, கருவிகளே போதும் என்பது. இதற்கு ஸ்பெயினின் சொந்த வரலாற்றிலேயே கொடிய சாட்சி உண்டு. 1981இல், தொழிற்சாலை உபயோகத்துக்கென்று அனிலின் கலந்து இறக்குமதியான கடுகின எண்ணெயைச் சிலர் மறுபடி சுத்திகரித்து, லேபிள் இல்லாத கேன்களில் ஆலிவ் எண்ணெய் என்றும் சமையல் எண்ணெய் என்றும் தெருத்தெருவாக விற்றார்கள். சுமார் 20,000 பேர் பாதிக்கப்பட்டு 300க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அவர்களுடைய நாக்கு அவர்களைக் காப்பாற்றவில்லை. இன்றும், கொழுப்பமில அமைப்பில் ஆலிவை ஒத்திருக்கும் ஹேசல் கொட்டை எண்ணெயைச் சுத்திகரித்துக் கலந்தால் எந்த நாக்கும் கண்டுகொள்ளாது. இதை மறுக்க முடியாது, மறுக்கவும் தேவையில்லை. கலப்படத்தைப் பிடிப்பது வேதியியலின் வேலை; அழுகலைப் பிடிப்பது மூக்கின் வேலை. அமிலத்தன்மை 0.5 என்று தாளில் பதிவாகும் எண்ணெய்கூட மூடியைத் திறந்தால் ஊறல் தொட்டியாக நாறலாம். 2022-23 பருவத்தில் வறட்சியால் ஸ்பெயினின் உற்பத்தி முந்தைய ஆண்டின் ஏறக்குறைய 15 லட்சம் டன்னிலிருந்து ஏழு லட்சத்துக்கும் கீழே விழுந்தது. 2024 தொடக்கத்தில் ஆலை வாசலிலேயே விலை கிலோவுக்கு 8 யூரோவைத் தாண்டியிருந்தது. அப்படிப்பட்ட விலையில் பொய் சொல்லும் ஆசை கூடும். இரண்டு காவலர்களில் ஒருவரை வீட்டுக்கு அனுப்ப அதுவா நேரம்?

ஒரு மணி நேர ருசிபார்ப்பில் யாரும் வல்லுநராகிவிட முடியாது என்பதும் உண்மைதான். எத்தனை காரம், எத்தனை கசப்பு என்று மதிப்பெண் போட வருஷங்கள் பிடிக்கும். ஆனால் காறலையும் புளிப்பையும் மறுபடி அடையாளம் காண ஒருமுறை போதும். காறிப்போன கடலை எண்ணெயை நம் வீட்டில் யாரும் பரீட்சை எழுதிக் கண்டுபிடிப்பதில்லை. மூடி திறந்ததுமே மூக்கு சொல்லிவிடுகிறது. ஆலிவில் அந்தப் பழக்கம் நமக்கு இல்லை, அவ்வளவுதான். 'விற்க உட்கார்ந்திருப்பவர் தன் மேசையில் கெட்டதை ஏன் வைப்பார்?' என்பது கடைசித் தடை. தன்னுடையதை வைக்க வேண்டியதில்லை. அலமாரியில் வெயில்பட்டுக் காறிய ஒரு பாட்டிலும், பருவக் கடைசியில் தரைக்காயை ஆட்டிய எண்ணெய் கொஞ்சமும் எந்த ஆலைக்கும் கிடைக்கும். அவற்றின் பக்கத்தில் வைத்தால் அவருடைய அக்டோபர் எண்ணெய் தானே பேசும். தன் சரக்கில் நம்பிக்கை உள்ள ஆலைக்காரருக்கு இதைவிட மலிவான விளம்பரம் கிடையாது. தயங்குகிறவர் ஏன் தயங்குகிறார் என்று யோசிக்க நமக்கு உரிமை உண்டு.

நம் நாட்டில் விற்கும் ஆலிவ் எண்ணெய் ஏறத்தாழ முழுவதும் கடல் கடந்து வருவது, அதில் பொமேஸ் எண்ணெய்க்கும் நல்ல விற்பனை. எண்ணெய் எடுத்தபின் மிஞ்சும் சக்கையிலிருந்து கரைப்பான் மூலம் பிரித்துச் சுத்திகரித்த அதை வெறும் 'ஆலிவ் எண்ணெய்' என்று அழைக்கச் சர்வதேச விதிகள் அனுமதிப்பதில்லை. 'பொமேஸ்' என்ற சொல் லேபிளில் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். 'லைட்' என்றிருந்தால் அது ருசியில் லேசு, கலோரியில் அல்ல. ஸ்பெயின் பக்கம் போகிறவர்கள் ஆலைகள் ஓடுகிற அக்டோபர், நவம்பரில் போங்கள். பதிவு செய்யும்போதே கெட்ட எண்ணெயையும் மோக்கத் தருவீர்களா என்று கேட்டுவிடுங்கள். போக முடியாதவர்கள் நல்ல பாட்டில் ஒன்று வாங்கியதும் இரண்டு கரண்டி எண்ணெயைச் சின்னக் கிண்ணத்தில் ஊற்றி, வெயில் படும் ஜன்னலோரம் சில வாரம் திறந்தே வையுங்கள். பாட்டிலை மட்டும் இருட்டில் மூடி வையுங்கள். பிறகு இரண்டையும் அடுத்தடுத்து மோந்து பாருங்கள். கடையில் அடுத்த பாட்டிலுக்குப் பணம் கொடுப்பது அதற்குப் பிறகு இருக்கட்டும்.